குஷ்டரோகி ஜன்னலுக்கு அந்தப் பக்கம்

டார்கஸ் லார்ட்டர் பொய் சொல்கிற ஆள் இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

கோள் சொல்வாள். ஒருத்தர் மேல் கோபம் வந்தால் ஆறு மாதம் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொள்வாள். பீடத்துப் பூச்சாடியில் ஒரு டாலியா கோணலாக நின்றால், அதை வைத்தவளின் குடும்பத்தையே இழுப்பாள். ஆனால் நடக்காததை நடந்தது என்று சொல்ல அவளுக்கு வராது. முப்பது வருடம் அவளுக்குப் பக்கத்து வீட்டுக்காரன் நான். ஞாயிற்றுக்கிழமை கோவில் மணி அடிக்கிறவனும் நான்தான். இது கட்டுக்கதை என்று தோன்றுகிறவர்கள் இப்போதே எழுந்து போய்விடலாம். எனக்கு வருத்தம் இல்லை.

நடந்த நாள் 1987 டிசம்பர் 9, புதன்கிழமை. சாயங்காலம் 3.35-க்குத் தொடங்கி 4.25-க்கு முடிந்தது. நடந்த இடம் நார்ஃபோக் பக்கம் எங்கள் மார்லிங்கம் மாதா கோவில். ராத்திரி பன்னிரண்டு மணிக்குத்தான் அதெல்லாம் வரும் என்று யார் சொன்னது? டிசம்பர் மாதம் எங்கள் ஊரில் நாலு மணிக்கே இருட்டிவிடும்.

கோவில் என்றால் டார்கஸுக்கு உயிர். புருஷன் செத்த பிறகு அதைத்தான் கட்டிக்கொண்டு வாழ்ந்தாள். சக்கிமுக்கிக் கல்லால் எழுப்பிய வட்டக் கோபுரம், எண்ணூற்றைம்பது வயது. பீடத்துக்கு முன்னால் மரத்தடுப்பில் வர்ணத்தில் தீட்டிய பன்னிரண்டு புனிதர்கள் வரிசையாக நிற்பார்கள். ஒருவருக்கும் முகம் கிடையாது. சாமி படமே கூடாது என்று ராஜா உத்தரவு போட்ட காலத்தில் சுரண்டி எடுத்துவிட்டார்கள். வருகிறவர்களுக்கு இதையெல்லாம் இருபத்திரண்டு வருடமாகச் சுற்றிக் காட்டியவள் டார்கஸ். தட்டச்சில் நாலு பக்கம் கோவில் வரலாறு அடித்து வாசல் மேஜையில் வைத்தவளும் அவள்தான். கடைசியில் 'டி. லார்ட்டர்' என்று பெயர் இருக்கும். ஊரில் அவளுக்கென்று இருந்த மதிப்பு மரியாதை எல்லாம் அந்த ஒரு வரிதான்.

அந்த நாலு பக்கத்தில் மூன்றாவது பக்கம் முழுக்கக் குஷ்டரோகி ஜன்னல். பீடத்துக்கு வடக்குச் சுவரில், முழங்கால் உயரத்தில், ஒரு சாண் அகலத்துக்கு ஒரு சந்து. நடுவில் ஓர் இரும்புக் கம்பி. அந்தக் காலத்தில் குஷ்டரோகிகளை உள்ளே விடமாட்டார்கள், பாவம், வெளியே மண்டியிட்டு அது வழியாகத்தான் பூசை பார்ப்பார்கள் என்று டார்கஸ் சொல்லும்போது பள்ளிக்கூடப் பிள்ளைகள் வாயைப் பிளந்து கேட்கும்.

செப்டம்பரில் இமோஜன் பெல் வந்தாள். லண்டனில் பழைய கட்டடங்களை ஆராய்கிற வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். எங்கள் ஊரில் வீடு வாங்கி மூன்றாவது வாரமே அந்த ஜன்னல் முன்னால் குந்திவிட்டாள். பாதிரியார் கிளைவ் ஹார்டன் பக்கத்தில் நிற்கிறார். பூ அலங்காரம் பார்க்கிற பெரில் நிற்கிறாள். டார்கஸும் நிற்கிறாள்.

"இது குஷ்டரோகி ஜன்னல் இல்லையே," என்றாள் இமோஜன்.

"இருபத்திரண்டு வருஷமா அதுதான்," என்றாள் டார்கஸ்.

"குஷ்டரோகியைக் கல்லறைத் தோட்டத்துக்குள்ளயே விட்டிருக்க மாட்டாங்க. அப்புறம் எப்படி ஜன்னல் வரைக்கும் வந்திருப்பான்? வெளிப்பக்கம் வந்து பாருங்க. சுவத்துல உத்தரம் சொருகின ஓட்டை இருக்கு. கூரை சாஞ்ச தடம் இருக்கு. இங்க ஒட்டினாப்புல ஒரு சின்ன அறை இருந்திருக்கு. உள்ள ஒரு பெண் துறவி. உயிரோட இருக்கும்போதே அவளுக்குச் சாவு ஜெபம் படிச்சு, உள்ள விட்டு, வாசலைக் கல்லு வச்சு அடைச்சுப் பூசிடுவாங்க. சாகற வரைக்கும் வெளிய வர முடியாது. இந்தச் சந்து வழியாத்தான் அவ பூசை பார்ப்பா. பாருங்க, அந்தப் பக்க விளிம்புக் கல்லு ரெண்டு இடத்துல குழிஞ்சிருக்கு. முழங்கை வச்சு வச்சுத் தேஞ்சது."

பெரில் சிரித்துவிட்டாள். "அட, நம்ம டார்கஸ் இத்தனை வருஷமா பிள்ளைங்களுக்கு வேற ஏதோ கதையில்ல விட்டுட்டு இருந்திருக்கா."

அந்தச் சிரிப்பு டார்கஸுக்கு நெஞ்சில் தைத்தது. இருபத்திரண்டு வருடமாகச் சந்து வழியாகக் கையை விட்டு அந்தக் கல்லை ஈரத்துணியால் துடைத்தவள் அவள். குழி இருப்பது அவளுக்குத் தெரியும். எதற்கு என்றுதான் ஒருநாளும் யோசிக்கவில்லை. வந்து மூன்று வாரம் ஆனவள் ஒரே பார்வையில் கண்டுபிடித்துவிட்டாள்.

அதற்கப்புறம் ஊரில் வாயைத் திறந்தால் இமோஜன்தான். அறுவடை விருந்தில் பேச இமோஜன். பெரிய நகரத்திலிருந்து யாராவது படம் எடுக்க வந்தால் இமோஜன். டார்கஸுக்குச் சோறு இறங்கவில்லை. பொறாமை. அதற்கு வேறு நல்ல பெயர் ஒன்றும் கிடையாது. 'வயித்தெரிச்சல்ல செத்துட்டிருந்தேன்' என்று அவளே என்னிடம் சொன்னாள்.

டிசம்பர் முதல் வாரம் பாதிரியார் அவள் வீட்டுக்கு வந்தார். தேநீர் குடித்தார். தொண்டையைக் கனைத்தார்.

"கோவில் வரலாறைப் புதுசா அச்சடிக்கலாம்னு இருக்கோம், டார்கஸ். இமோஜன் எழுதித் தர்றேன்னாங்க."

"அப்ப என்னோடது?"

"அது... நீங்க செஞ்சதை யாரு மறப்பா? பின்பக்கத்துல நன்றின்னு போட்டு உங்க பேரையும் போட்டுடுவோம்."

"பின்பக்கம்."

"ஆமா. அப்புறம் இன்னொண்ணு. அவங்க இன்னும் அளவெடுக்கணுமாம். உங்க சாவியை ஒரு மாசம் அவங்க கையில குடுத்து வைங்களேன்."

கோவிலுக்கு இரண்டே சாவி. ஒன்று பாதிரியாரிடம், இன்னொன்று டார்கஸிடம். ஒரு முழ நீள இரும்பு. அதை ஒருநாளும் அவள் யார் கையிலும் கொடுத்ததில்லை. என்னிடம்கூட. புதன்கிழமை கொடுத்துவிடுகிறேன் என்றாள்.

புதன்கிழமை 3.30. டார்கஸ் கதவைத் திறந்துவிட்டாள். இமோஜன் அளவு நாடாவும் டார்ச்சும் நோட்டுப் புத்தகமுமாக உள்ளே போனாள். உள்ளே போனவள் திரும்பி, "சாவி?" என்று கையை நீட்டினாள்.

"போகும்போது தர்றேன்," என்றாள் டார்கஸ்.

இமோஜன் சிரித்துவிட்டுப் பீடத்துப் பக்கம் நடந்தாள். நேராக அந்த ஜன்னலுக்குத்தான். தன் வீட்டுச் சமையலறைக்குப் போவது மாதிரி போனாள்.

அவ்வளவுதான். டார்கஸின் கை தானாகக் கதவை இழுத்தது. சாவியைச் செருகினாள். அரைமணி நேரம் உள்ளே கிடக்கட்டும். இருட்டில் கொஞ்சம் கத்தட்டும். கதவைத் தட்டிக் கெஞ்சட்டும். வேறொன்றும் அவள் நினைக்கவில்லை.

அந்தப் பூட்டைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். இரண்டு கையாலும் முக்கித் திருகினால்தான் அது திரும்பும். திரும்பும்போது போடுகிற கிறீச்சு சத்தம் தெருக்கோடியில் இருக்கிற என் வீடு வரை கேட்கும். அன்றைக்கு... ஒரே விரலில் திரும்பியது. சத்தமே இல்லை.

மணி 3.35.

முன்மண்டபத்துக் கல் பெஞ்சில் உட்கார்ந்தாள். காதைக் கதவில் வைத்துக் காத்திருந்தாள்.

3.40. ஒன்றும் இல்லை.

3.45. தட்டலும் இல்லை, கூப்பாடும் இல்லை. கோபுரத்தில் நூறு காக்கைகள் அடைகிற நேரம் அது. தினமும் அந்த நேரத்தில் பேச முடியாது, அவ்வளவு இரைச்சல். அன்றைக்குக் காக்கைகள் வந்து உட்கார்ந்திருந்தன. வரிசையாக... ஒன்றுகூட வாய் திறக்கவில்லை.

3.48. உள்ளே யாரோ சிரித்தார்கள்.

இமோஜனின் சிரிப்புத்தான். யாரோ ஏதோ சொல்ல, அதைக் கேட்டுச் சிரிக்கிற சிரிப்பு.

 டார்கஸுக்குப் பயம் இல்லை, முதலில் வந்தது எரிச்சல். பூட்டி வைத்தாலும் இவளுக்குப் பேச ஆள் கிடைத்துவிடுகிறதா? யார் அது? தனக்குத் தெரியாமல் யாரை உள்ளே கூட்டி வந்திருக்கிறாள்?

எழுந்து, கோபுரத்தைச் சுற்றிக்கொண்டு வடக்குப் பக்கம் போனாள். எங்கள் ஊரில் வடக்குப் பக்கம் யாரும் போகமாட்டார்கள். அங்கே கல்லறைகூடக் கிடையாது. பட்டுப்போன செந்தட்டிச் செடியும் ஈரப் புல்லும்தான். பேச்சுக் குரல் இப்போது தெளிவாகக் கேட்டது. அந்த ஜன்னலிலிருந்துதான் வந்தது.

ஜன்னல் தாழ்வு. நின்றுகொண்டு பார்க்க முடியாது. டார்கஸ் மண்டியிட்டாள். முழங்கைகளை விளிம்புக் கல்லில் ஊன்றினாள்.

குழிகள் இரண்டும் அவள் முழங்கைக்குச் சரியாகப் பொருந்தின.

உள்ளே பார்த்தாள். ஒரு கை தூரத்தில் இமோஜன் தரையில் உட்கார்ந்திருந்தாள். டார்ச் தரையில் கிடந்தது. மடியில் நோட்டு. முகம் நேராக ஜன்னலைப் பார்த்து இருந்தது. டார்கஸின் கண்ணைப் பார்த்துத்தான் அவள் பேசினாள்.

"எழுதிட்டேன். மேல சொல்லுங்க, டார்கஸ்."

டார்கஸ் ஒன்றும் சொல்லியிருக்கவில்லை.

பதில் வந்தது.

"தெற்கு வரிசையில மூணாவது தூண் மத்ததைவிட ஒரு விரக்கடை குட்டை. கட்டிட்டு இருந்த கொத்தன் கொள்ளை நோய்ல போயிட்டான். மீதியை முடிச்சது அவன் பொண்டாட்டி. அதை யாரும் வெளிய சொல்லல."

குரல் டார்கஸின் வலது காதுக்குப் பக்கத்திலிருந்து வந்தது.

அவளுடைய குரல். அவளே பேசுகிற மாதிரி. அவளுடைய இழுப்பு, அவளுடைய மூச்சு. ஆனால் அவள் வாய் மூடித்தான் இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

"பொண்டாட்டியா?" இமோஜன் சிரித்தாள். "இது எப்படி உங்களுக்குத் தெரிஞ்சுது?"

"பார்த்தேன்," என்றது குரல்.

டார்கஸ் தலையைத் திருப்ப நினைத்தாள். முடியவில்லை.

குரல் நிறுத்தாமல் சொல்லிக்கொண்டே போனது. பீடத்துக்குப் பின்னால் சுண்ணாம்புக்கு அடியில் மாதாவின் கை ஒன்று இருக்கிறதாம், நீல வர்ணத்தில். முகத்தைச் சுரண்டியவர்கள் கையை மறந்துவிட்டார்களாம். கோபுரத்து அஸ்திவாரத்தில் அதற்கும் முந்தைய கோவிலின் கல் ஒன்று தலைகீழாகக் கிடக்கிறதாம். இருபத்திரண்டு வருடத்தில் டார்கஸ் கேள்விப்படாத விஷயங்கள். இமோஜன் எழுதிக்கொண்டே இருந்தாள்.

டார்கஸ் பின்னால் நகரப் பார்த்தாள்.

செருப்புக் கால் எதிலோ முட்டியது.

கல்.

அங்கே கல் இருக்கக் கூடாது. பின்னால் வெறும் புல்வெளி. வேலி வரைக்கும் புல்.

எழுந்திருக்கப் பார்த்தாள். தலை இடித்தது. மேலே ஏதோ மரம்...

சாயங்கால வெளிச்சம் எங்கே? சுற்றிலும் இருட்டு. எதிரே அந்த ஒரு சாண் சந்து மட்டும்தான் தெரிந்தது. கொழுப்பில் செய்த மெழுகுவத்தி நாற்றம். நனைந்த கம்பளி நாற்றம். பழைய ரொட்டி.

யாரோ தோளோடு தோள் உரசிக்கொண்டு மண்டியிட்டிருந்தார்கள்.

இந்த இடத்தில் நீங்களாக இருந்தால், நானாக இருந்தால், கத்தியிருப்போம்.  ஆனால் அவள் சொன்னதை அப்படியே சொல்கிறேன்... பயத்தையும் மீறிக்கொண்டு அவளுக்குள் அந்தப் பொறாமைதான் பொங்கி வந்தது. என் கோவில். என் ஜன்னல். இத்தனையும் தெரிந்து வைத்துக்கொண்டு, நேற்று வந்தவளிடம் போய்ச் சொல்கிறாயா?

"எனக்கு ஏன் சொல்லல?" என்றாள். வாய்விட்டே சொன்னாள். "இருபத்திரண்டு வருஷம் கூட்டிப் பெருக்கினது நான். எனக்கு ஒரு வார்த்தை சொன்னியா?"

குரல் நின்றது.

உள்ளே இமோஜன் எழுதுவதை நிறுத்தி நிமிர்ந்து பார்த்தாள்.

பக்கத்தில்... அது மெல்லத் திரும்பியது. துணி உரசுகிற சத்தம். கன்னத்தில் மூச்சுப் பட்டது. அதில் சூடே இல்லை.

இப்போது அது டார்கஸின் குரலில் பேசவில்லை. யாருடைய குரலும் இல்லை.

"உள்ள வர்றியா?"

...

கிறீச்.

தெற்குப் பக்கம் கதவுப் பூட்டு. அந்தச் சத்தம் எனக்கும் கேட்டது. வீட்டில் காய் நறுக்கிக்கொண்டிருந்தேன். கடிகாரத்தைப் பார்த்தேன். 4.25. பாதிரியார் நாலரை மணி ஜெபத்துக்குக் கோவிலைத் திறக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

டார்கஸ் புல்லில் மண்டியிட்டிருந்தாள். தலைக்கு மேல் வானம். பின்னால் வேலி வரை வெறும் புல். கோபுரத்துக் காக்கைகள் அத்தனையும் ஒரே நேரத்தில் கத்த ஆரம்பித்தன. முழங்கால் இரண்டும் நனைந்து மரத்துப் போயிருந்தன. மண்டியிட்டு அரைமணி நேரத்துக்கு மேல் போயிருந்தது. பத்து நிமிடத்துக்கு மேல் இருந்த மாதிரி அவளுக்குத் தோன்றவில்லை.

தட்டுத் தடுமாறி முன்பக்கம் வந்தாள். பாதிரியாரும் இமோஜனும் மண்டபத்தில் நின்றார்கள்.

"கதவு ஏன் வெளிய பூட்டியிருந்துச்சு?" என்றார் பாதிரியார்.

டார்கஸ் வாயைத் திறப்பதற்குள் இமோஜன் ஓடிவந்து அவள் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். "பூட்டியிருந்துச்சா? எனக்குத் தெரியவே தெரியாது. டார்கஸ், வெளியிலேர்ந்து அந்த ஜன்னல் வழியாவே எல்லாத்தையும் சொல்லணும்னு எப்படித் தோணிச்சு உங்களுக்கு? எனக்குப் புல்லரிச்சிடுச்சு. பாருங்க, ஏழு பக்கம் எழுதியிருக்கேன்." பாதிரியாரிடம் திரும்பினாள். "என் பேரு வேண்டாம். இவங்களுக்குத் தெரிஞ்சதுல எனக்குக் கால்வாசிகூடத் தெரியாது. சாவியும் இவங்ககிட்டயே இருக்கட்டும்."

இத்தனை நாள் எதற்காக வயிறு எரிந்தாளோ அது அத்தனையும் டார்கஸ் கைக்கு வந்துவிட்டது. அவள் கையை உருவிக்கொண்டு நடந்தாள். என் வீட்டைத் தாண்டித்தான் அவள் வீட்டுக்குப் போக வேண்டும். நான் ஜன்னலிலிருந்து கையசைத்தேன். பார்க்காமலே போனாள்.

ஜனவரியில் புதுப் புத்தகம் வந்தது. அட்டையிலேயே பெரிதாக 'டார்கஸ் லார்ட்டர்'. பீடத்துக்குப் பின்னால் சுண்ணாம்பைச் சுரண்டிப் பார்த்தார்கள். நீலக் கை இருந்தது. மூன்றாவது தூணை அளந்தார்கள். ஒரு விரக்கடை குறைவு. ஊரே வந்து டார்கஸைப் பாராட்டியது. பெரில் கேக் செய்து எடுத்து வந்தாள். டார்கஸ் அந்தப் புத்தகத்தை ஒருநாளும் கையால் தொடவில்லை.

கதை இதோடு முடிந்திருந்தால் நான் இவ்வளவு மெனக்கெட்டு எழுதமாட்டேன்.

பிப்ரவரி கடைசியில் இமோஜனுக்கு ஒரு தபால் வந்தது. அந்தச் சிற்றறையைப் பற்றி ஏதாவது இருக்கிறதா என்று ஆவணக் காப்பகத்துக்கு அவள் முன்பே எழுதிக் கேட்டிருந்தாள். ஆயர், அதாவது பிஷப், ஒருவர் லத்தீனில் எழுதிய பழைய கடிதத்தை அவர்கள் மொழிபெயர்த்து அனுப்பியிருந்தார்கள். டார்கஸ் வீட்டுச் சமையலறையில் வைத்துத்தான் இமோஜன் அதைப் படித்தாள். நானும் இருந்தேன்.

1380-இல் அவிஸ் என்கிற பெண்ணை அந்த அறைக்குள் வைத்து அடைத்தார்கள். ஊரே அவளிடம் வந்து குறி கேட்கிற மாதிரி யோசனை கேட்டுப் போனது. அவளுக்குச் சாப்பாடு கொண்டுவந்து கொடுத்தவள் எடித் என்கிற வேலைக்காரி. 'அவளுக்கு மட்டும் அப்படி என்ன பெரிய மரியாதை' என்று கடைவீதியெல்லாம் புலம்புவாளாம். முதல் குளிர்காலத்திலேயே எடித்தைக் காணோம். ஓடிவிட்டாள் என்று ஊரில் விட்டுவிட்டார்கள். வேறு பெண்கள் முறை போட்டுச் சாப்பாடு கொடுத்தார்கள். பதினோரு வருடம். வைத்த ரொட்டி தினமும் உள்ளே போனது. கேட்ட கேள்விக்கெல்லாம் அவிஸின் குரலில் பதில் வந்தது.

1391-இல் ஒருநாள் ரொட்டி அப்படியே கிடந்தது. மூன்று நாள் பார்த்துவிட்டுச் சுவரை இடித்தார்கள்.

உள்ளே எலும்புதான். காய்ந்து, துணி மக்கி, பத்துப் பதினோரு குளிர்காலத்துக்கு முன்பே செத்தது.

இரண்டு பேருடைய எலும்பு.

வாசலை அடைத்த பூச்சில் ஒரு கீறல்கூட இல்லை என்று மூன்று சாட்சிகள் சத்தியம் செய்திருந்தார்கள். அந்த அறைக்கு இருந்தவை இரண்டே திறப்புகள். சாப்பாடு கொடுக்க ஒரு கை நுழைகிற ஓட்டை. பூசை பார்க்க ஒரு சாண் ஜன்னல். இரண்டாவது பெண் எப்படி உள்ளே போனாள் என்று யாரும் இனிமேல் பேசக் கூடாது, அறையை இடித்துத் தரைமட்டமாக்குங்கள் என்று ஆயர் உத்தரவு போட்டுக் கடிதத்தை முடித்திருந்தார்.

இமோஜன் உற்சாகமாக அதை மடித்து வைத்துவிட்டுக் கிளம்பிப் போனாள். அவளுக்கு என்ன தெரியும்?

டார்கஸ் மேஜையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள். அன்றைக்குத்தான் எல்லாவற்றையும் என்னிடம் சொன்னாள். இதுவரை நீங்கள் படித்தது அத்தனையும். 

"நல்லவேளை, பாதிரியார் வந்து கதவைத் திறந்தாரு," என்றேன். "நீ பதில் சொல்றதுக்குள்ள."

அவள் தலையாட்டினாள்.

"நான் பதில் சொல்லல, வால்டர். சத்தியமா நான் வாயே திறக்கல."

மேஜை விளிம்பில் இரண்டு முழங்கையையும் ஊன்றினாள்.

"ஆனா 'வர்றேன்'னு என் குரல் கேட்டுச்சு."